காகிதப் பருந்து

பேத்தியின் பள்ளிக்கூடத்தில் பட்டத்தைப் பற்றி ஒரு சார்ட்டு எழுதிக் கொண்டுவரச் சொல்லியிருந்தார்கள். இரண்டு நாளாகத் திருநகர் வீட்டுக் கூடம் முழுக்கப் பசையும் தாள் துண்டுமாகக் கிடந்தது. குனிந்து பொறுக்கிப் பொறுக்கி என் இடுப்பு விட்டுப்போயிற்று. எழுதி முடித்த சார்ட்டைக் காயட்டும் என்று சுவரில் சாய்த்துவிட்டு அவள் பள்ளிக்கும், மகனும் மருமகளும் வேலைக்கும் கிளம்பிப் போனார்கள். நான் கண்ணாடியை மாட்டிக்கொண்டு, தரையில் உட்கார்ந்து, எழுத்துக் கூட்டிப் படித்தேன். ஐந்தாம் வகுப்புப் படிப்புக்கு அது ஒரு முற்பகல் வேலை.

பட்டத்தை முதலில் செய்தது சீனாவில் என்று எழுதியிருந்தது. அங்கே ஒரு படைத்தலைவர் எதிரியின் கோட்டைக்கு மேலே பட்டத்தை ஏற்றி, நூலின் நீளத்தை வைத்து எவ்வளவு தூரம் சுரங்கம் தோண்ட வேண்டும் என்று கண்டுபிடித்தாராம். கடல் நடுவே இருக்கிற சில தீவுகளில் இலையால் பட்டம் செய்து, அதிலிருந்து தூண்டிலைத் தொங்கவிட்டு மீன் பிடிக்கிறார்களாம். பெரிய ஆற்றுப் பள்ளம் ஒன்றுக்குக் குறுக்கே பாலம் கட்டியபோது முதல் கயிற்றை அக்கரைக்குக் கொண்டுபோனது ஒரு பட்டம்தானாம். மழை, வெயில் பார்க்கிறவர்கள் அதில் கருவியைக் கட்டி மேலே அனுப்பினார்களாம். கொரியா என்கிற நாட்டில், வருஷம் பிறக்கும்போது வீட்டுக்கு வந்த கெட்டதையெல்லாம் பட்டத்தில் எழுதி, பறக்கவிட்டு, நூலை அறுத்துவிடுவார்களாம். கெட்டதெல்லாம் அதோடு போய்விடுமாம். அந்த இடத்தை மட்டும் இரண்டு தடவை படித்தேன்.

கடைசியில் ஒரு கட்டம் காலியாக இருந்தது. 'எங்கள் பகுதியில் பட்டத்தின் பயன்' என்று தலைப்பு மட்டும் சிவப்பு மையில் எழுதி அடிக்கோடு போட்டிருந்தாள். அதை நிரப்ப அவள் முந்தின நாளெல்லாம் ஆள் ஆளாகக் கேட்டாள். அவள் அப்பா, விளையாடுவதுதான், வேறென்ன என்று சொல்லிவிட்டான். மாடி வீட்டுக்காரர், கரண்டு கம்பியில் மாட்டித் தெருவையே இருட்டாக்குவது என்று எழுதச் சொல்லிச் சிரித்தார். என்னை யாரும் கேட்கவில்லை. நான் பக்கத்தில்தான் கீரை ஆய்ந்துகொண்டிருந்தேன். எனக்கு ஒரு பயன் தெரியும். சொல் வாய் வரை வந்தது, அப்புறம் உள்ளே போய்விட்டது. என் வாய் எப்போதும் அப்படித்தான். அது திறந்தது ஒரே ஒரு தடவை. அதைப் பற்றித்தான் இங்கே எழுதப்போகிறேன்.

எனக்கு அப்போது பத்து வயது. திருமங்கலத்திலிருந்து டி. கல்லுப்பட்டி போகிற ரோட்டைவிட்டு உள்ளே தள்ளி இருக்கிற ஊர் எங்களுடையது. அப்பாவை நாங்கள் அய்யா என்று கூப்பிடுவோம். அய்யா, அம்மா, அக்கா, நான், அய்யாவின் தம்பியான சித்தப்பா என்று வீட்டில் ஐந்து பேர். கிணற்றுத் தண்ணீர் பாய்கிற ஒரு துண்டு நிலத்தில் சித்திரையில் சோளம் போடுவோம். ஆடியில் அது கதிர் முற்றி நிற்கும். அதே ஆடியில்தான் மழையை நம்புகிற மேட்டுக் காட்டில் உழவும் விதைப்பும் வரும். அய்யாவும் அம்மாவும் அங்கே போனால் பொழுது சாய்ந்துதான் திரும்புவார்கள். சோளத்துக்குக் காவல் என்று ஒரு ஆள் வேண்டும். இல்லாவிட்டால் குருவியும் கிளியும் இறங்கிப் பத்தே நாளில் வெறும் தட்டையை நமக்கு விட்டுவைக்கும்.

குருவி விரட்டுவது சின்னப் பிள்ளைகளின் வேலை. காட்டின் நடுவே நாலு கம்பு நட்டு, மேலே பலகை போட்டுப் பரண் கட்டியிருக்கும். அதில் ஏறி நின்று மண்ணெண்ணெய் டின்னைத் தட்ட வேண்டும், கத்த வேண்டும், கவணில் கல் வைத்து எறிய வேண்டும். அதுவரை அந்த வேலை அக்காவுடையது. அவளை மூன்றாம் வகுப்பில் பள்ளிக்கூடத்தைவிட்டு நிறுத்தியதும் அந்தப் பரணுக்காகத்தான். அந்த வருஷம் வைகாசியில் அவள் பெரிய மனுஷி ஆனாள். சடங்கு சுற்றி ஆறு மாதத்துக்குப் பெண் பிள்ளை தனியாகக் காட்டுப் பக்கம் போகக்கூடாது என்பது எங்கள் வீட்டு வழக்கம். உச்சி வெயிலில் போனால் காற்றுக் கருப்பு அடிக்கும் என்பார்கள். அதைவிட ஊர் வாய்க்குத்தான் அதிகம் பயந்தார்கள். ஆக, அந்த ஆடியில் பரண் எனக்கு வந்து சேர்ந்தது.

ஆனால் பள்ளிக்கூடத்தில் எங்கள் வாத்தியார், ஆடி முழுக்கக் காட்டு வேலை என்று நிற்கிற பிள்ளைகளின் பேரை இந்த வருஷம் பதிவேட்டிலிருந்து அடித்துவிடுவேன் என்று சொல்லியிருந்தார். அப்போது நான் ஐந்தாம் வகுப்பு. அதை முடித்தால் போதும் என்றுதான் எனக்கு இருந்தது. அதற்குமேல் ஒரு படிப்பு இருப்பதே எனக்குச் சரியாகத் தெரியாது. வகுப்பில் நான் வாய் திறக்க மாட்டேன். விடை தெரிந்தாலும் ஸ்லேட்டில் எழுதி மடியில் கவிழ்த்து வைத்துக்கொள்வேன். ஆனாலும் அந்த இடம் எனக்குப் பிடித்திருந்தது. யாரும் என்னைப் பார்க்காத ஓரத்தில் உட்கார்ந்து எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருக்கலாம்.

அக்கா எனக்குத் தலை வாரிவிடும்போது தினமும் ஒரே கேள்வியைக் கேட்பாள். "இன்னிக்கு என்ன பாடம்?" நான் சொல்லுவேன். சீப்பு நின்று நின்று நகரும். பேரை அடித்துவிடுவார்கள் என்ற விஷயத்தையும் அப்படி வாரும்போதுதான் சொன்னேன்.

"அய்யாகிட்ட சொல்லு" என்றாள்.

"நீ சொல்லு."

"நான் எப்படிடி சொல்ல? எனக்கே ஆறு மாசத்துக்கு வாசல் கிடையாது."

இரண்டு பேரும் சொல்லவில்லை. ஆனால் கொல்லையில் கட்டிலில் படுத்திருந்த சித்தப்பா கேட்டுக்கொண்டிருந்தார்.

சித்தப்பா மதுரையில் ஒரு காகிதக் கடையில் மூன்று வருஷம் வேலை பார்த்துவிட்டு, அந்த ஊர்த் தண்ணீர் சேரவில்லை என்று திரும்பி வந்தவர். பெண் பார்த்துக்கொண்டிருந்தார்கள். வெள்ளை வேட்டி கசங்காமல் இருப்பார். உழவுக்குக் கூப்பிட்டால் முதுகு பிடித்துக்கொள்ளும். பரணில் அவர் ஏறி நின்றால் என்ன என்று அம்மா ஒரு தடவை ஜாடையாகக் கேட்டாள்.

"நல்லாச் சொன்னீங்க மதினி. மதுரையில வேலை பாத்தவன் பரண்ல நின்னு டின்னு தட்டுனா எவன் பொண்ணு குடுப்பான்? குருவிதான் குடுக்கும்" என்றார்.

ஆனாலும் அவருக்கு என்மேல் பிரியம் உண்டு. மறுநாள் அய்யா சாப்பிடும்போது போய் எதிரே உட்கார்ந்தார்.

"அண்ணே, சீனாக்காரன் இருக்கானே, அவன் பட்டத்துல ஆளையே கட்டி மேல ஏத்திருவானாம். அங்கயிருந்து எதிரி எங்க நிக்கான்னு பாத்துச் சொல்லுவானாம்."

"அதுக்கு இப்ப என்ன?"

"ஆளையே ஏத்தும்போது நம்ம ஒரு பருந்தை ஏத்த முடியாதா? சோளத்துக்கு மேல நாள் பூரா பருந்து நின்னா எந்தக் குருவி வரும்?"

அய்யா சோற்றைப் பிசைந்தபடியே யோசித்தார். சித்தப்பா விடவில்லை. விடியற்காலையும் சாயங்காலமும்தான் குருவி கூட்டமாக இறங்கும், அப்போது சின்னவள் பரணில் நிற்கட்டும், காலை பத்து மணிக்கு மேல் ஆடிக் காற்று எழும்பிவிடும், அது சாயும்வரை பருந்து பார்த்துக்கொள்ளும், அந்த நேரத்துக்கு இவள் பள்ளிக்கூடம் போய்வரட்டும் என்றார். பட்டத்தை ஏற்றி இறக்குவதும் நடுவில் ஒரு நடை போய்ப் பார்ப்பதும் அவர் பொறுப்பு.

"ஒரு கதிர் கொறைஞ்சாலும் ஒன்னையத்தான் கேப்பேன்" என்றார் அய்யா.

"கேளுங்கண்ணே."

அந்தப் பட்டத்தை நான் இன்றைக்கும் மறக்கவில்லை. சிமெண்டு மூட்டையின் பழுப்புத் தாளைக் கிழித்து, மூங்கிலைச் சீவி வளைத்து, புளியங்கொட்டைப் பசையால் ஒட்டினார். அடுப்புக்கரியைக் குழைத்து இறக்கையில் கோடு போட்டார். அம்மாவின் கிழிந்த சேலையில் வால். நூலை நாலு இழையாகத் திரித்தது நானும் அக்காவும். கண் வைக்கச் சித்தப்பா மறந்துவிட்டார். அக்காதான் கரிக்கட்டையால் இரண்டு கண் வைத்தாள். வைத்துவிட்டுக் கொஞ்ச நேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்தாள். வாசல் தாண்ட முடியாதவள் என்பதால் அது பறப்பதை அவள் பார்க்க மாட்டாளே என்று எனக்குப் பாவமாக இருந்தது.

பரண் காலில் நூலைக் கட்டி விட்டதும் பருந்து கிழக்குப் பார்த்து ஏறி நின்றது. அதன் நிழல் கதிர்மேல் ஓடிய இடமெல்லாம் குருவிகள் சலசலவென்று எழுந்து ஓடைக்கு அந்தப் பக்கம் போய்விட்டன. அய்யாவே ஒரு தடவை வந்து அண்ணாந்து பார்த்துவிட்டு, ஒன்றும் சொல்லாமல் போனார். அவர் ஒன்றும் சொல்லாமல் போனால் திருப்தி என்று அர்த்தம். நான் பள்ளிக்கூடம் போனேன்.

ஒரு வாரம் எல்லாம் நன்றாக இருந்தது. ஞாயிற்றுக்கிழமை பகலில் நான் பரணில் இருந்தபோது, பருந்துக்கு நேர் கீழேயே பத்துக் குருவி உட்கார்ந்து சாவகாசமாகக் கொத்திக்கொண்டிருந்தன. நிழல் முதுகில் ஓடியது. ஒன்றுகூட அசையவில்லை. வீட்டுக்கு ஓடிவந்து சித்தப்பாவிடம் சொன்னேன். அவர் கட்டிலில் திரும்பிப் படுத்தார்.

"நீ இருந்தில்ல? அதான். அந்தப் பருந்துக்கு ஆளைக் கண்டாக் கூச்சம். யாரும் இல்லாதப்ப அது வேலையைப் பாரு."

வேறு எந்தப் பிள்ளையாக இருந்தாலும் சிரித்திருக்கும். நான் நம்பினேன். எனக்கும் அப்படித்தானே. யாராவது பார்த்தால் எனக்கும் ஒன்றும் வராது. யாரும் இல்லாவிட்டால் வாய்ப்பாடு பதினாறு வரை சொல்லுவேன். அக்கா அடுப்படியில் நின்றபடி சித்தப்பாவையே பார்த்தாள். அவர் கண்ணை மூடிக்கொண்டார்.

திங்கட்கிழமை சாயங்காலம் நான் பயந்துகொண்டே காட்டுக்குப் போனேன். கதிர்கள் அப்படியே இருந்தன. செவ்வாயும் அப்படியே. புதன்கிழமை, ஓடைக்கரையில் ஆடு மேய்க்கிற ஒரு பெரியவர் என்னை நிறுத்தினார்.

"ஏத்தா, ஒங்க காட்டுல மத்தியானம் டின்னுச் சத்தம் கேக்குதே, யாரு இருக்கா?"

"யாரும் இல்ல தாத்தா. பருந்துதான் இருக்கு."

"பருந்து டின்னு தட்டுமாக்கும்" என்று அவர் ஆடுகளைப் பார்க்கப் போய்விட்டார்.

சித்தப்பாவிடம் கேட்டேன். அவர் ஒரு நிமிஷம் முழித்தார். அப்புறம், நூலில் டின்னைக் கட்டியிருக்கிறேன், காற்று இழுக்க இழுக்க அது தட்டும் என்றார். எனக்கு அப்படியே மெய்சிலிர்த்துப்போயிற்று. அந்த டின் பரணில்தானே கிடக்கிறது என்று ஒரு தடவைகூட நினைக்கத் தோன்றவில்லை. அக்கா அந்த நாட்களில் தலை வாரும்போது கை தளர்ந்து தூங்கி விழுவாள். அவள் கால் வெடித்துப் புழுதி ஏறியிருந்தது. வீட்டிலேயே இருக்கிறவளுக்குக் காலில் ஏது புழுதி என்றும் எனக்குத் தோன்றவில்லை. "இன்னிக்கு என்ன பாடம்?" என்று கேட்டுவிட்டு, பதில் வருமுன் கண் மூடிவிடும்.

வெள்ளிக்கிழமை வாத்தியார் காற்றைப் பற்றிப் பாடம் எடுத்தார். காற்றுக்குக் கண் இல்லை, கை இல்லை, ஆனால் வேலை செய்யும், காற்று செய்கிற வேலை ஒன்றைச் சொல்லுங்கள் என்றார். ஒருத்தி தூற்றுவது என்றாள். ஒருவன் வேட்டி காயவைப்பது என்றான். அப்போது என் உடம்பில் என்னமோ புகுந்தது. நான் எழுந்து நின்றேன். வகுப்பே திரும்பிப் பார்த்தது.

"எங்க காட்டுல காத்து டின்னு தட்டும் சார்" என்றேன்.

எல்லாரும் சிரித்தார்கள். வாத்தியார் சிரிக்கவில்லை. நான் பேசியதே அவருக்குப் பெரிய சந்தோஷம் போல. பக்கத்தில் வந்து குனிந்து கேட்டார். நான் பருந்தைச் சொன்னேன், கரிக்கண்ணைச் சொன்னேன், நூலில் கட்டிய டின்னைச் சொன்னேன். அதற்கு முன்னும் அதற்குப் பின்னும் நான் அவ்வளவு பேசியதில்லை.

"அப்ப வாங்க, போய்ப் பாத்துட்டு வருவோம். பாடமும் ஆச்சு" என்றார்.

எனக்குத் திடீரென்று பயம் வந்தது. "சார், அதுக்கு ஆளைக் கண்டாக் கூச்சம். எல்லாரும் போனாத் தட்டாது."

அவர் என் மனம் நோகாதபடி, "அப்படின்னா சத்தம் காட்டாமப் போவோம்" என்று சொல்லி, பிள்ளைகள் பக்கம் திரும்பி உதட்டில் விரலை வைத்தார்.

நாற்பது பிள்ளைகள் வரப்பில் ஒருவர் பின் ஒருவராகப் பூனை மாதிரி நடந்தோம். நான்தான் முதலில். சோளம் எங்களைவிட உயரம். தலைக்கு மேலே பருந்து கம்பீரமாக நின்றது. அன்றைக்கு அதன் வால்கூட ஆடவில்லை. எல்லாரும் அண்ணாந்து பார்த்தோம். வாத்தியார் கண்ணுக்கு மேல் கையை வைத்து, "பலே" என்று மெதுவாகச் சொன்னார். அந்த ஒரு சொல் எனக்குப் போதுமாக இருந்தது.

அப்போது டின் சத்தம் கேட்டது. வானத்திலிருந்து வரவில்லை. எங்களுக்கு நேர் எதிரே, பத்தடி தூரத்தில்.

எல்லாத் தலையும் கீழே இறங்கியது. கடைசித் தட்டையை விலக்கினால் பரண். பரண்மேல் அக்கா. பாவாடையைத் தூக்கிச் செருகி, தாவணியைத் தலையில் முண்டாசாகக் கட்டிக்கொண்டு, எங்களுக்கு முதுகைக் காட்டி நின்று டின்னைத் தட்டித் தொண்டை கட்டிய குரலில் கத்திக்கொண்டிருந்தாள். முதுகெல்லாம் வேர்வை. பிள்ளைகளில் ஒருவன் தும்மினான். அவள் திரும்பினாள்.

பின்னாலிருந்து ஒருத்தி, "ஏடி, ஒங்க பருந்து பாவாடை கட்டியிருக்குடி" என்றாள்.

"முட்டை போடுமான்னு கேளு" என்றான் ஒருவன்.

சிரிப்பு வெடித்தது. வாத்தியார் சட்டென்று வேறு பக்கம் திரும்பிக்கொண்டு, "வாயை மூடுங்க, நடங்க எல்லாரும்" என்று அதட்டினார். ஒருவரும் நகரவில்லை. எல்லாரும் அவளையே பார்த்துக்கொண்டு நின்றார்கள். தாவணியை அவிழ்த்து மேலே போட்டுக்கொள்ளக்கூட அவளுக்குக் கை வரவில்லை. நான் அவளைப் பார்க்கவில்லை. என் டின் எங்கே, நூலில் கட்டிய டின் எங்கே என்று நூலையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

அக்கா இறங்கினாள். கீழே புல் அறுக்க வைத்திருந்த கருக்கருவாளை எடுத்தாள். பரண் காலில் கட்டியிருந்த நூலில் ஒரு இழுப்பு இழுத்தாள்.

பருந்து ஒரு பக்கமாகச் சாய்ந்தது. பிறகு காற்று அதைத் தூக்கிக்கொண்டு ஓடைக்கு மேலே கிழக்கே போனது.

"அறுந்த பட்டம்டோய்" என்று யாரோ கூவினார்கள். அவ்வளவுதான். நாற்பது பிள்ளைகளும் வரப்பையும் வாய்க்காலையும் தாண்டி ஓடினார்கள். அங்கே கைப்பிடிச் சுவர் இல்லாத கிணறுகள் இரண்டு உண்டு. வாத்தியார் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு, "கிணத்துப் பக்கம் போகாதீங்கடா, டேய்" என்று பின்னாலேயே ஓடினார். என் பட்டம் என்று அழுதுகொண்டே நானும் ஓடினேன். அது வெகுதூரம் போய் ஒரு கருவேல மரத்தில் சிக்கி, முள்ளில் கிழிந்து தொங்கியது.

வீட்டுக்கு நான் வந்தபோது அக்கா குளித்து, தலையில் ஈரத்தோடு அடுப்படியில் உட்கார்ந்திருந்தாள். நான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன்.

"பட்டம் கெடச்சுச்சா?" என்றாள்.

"கிழிஞ்சு போச்சு. ஏன் அறுத்த?"

அவள் ஈரத் தலையைத் துவட்டினாள். "எம்புட்டுத் தூரம் போச்சு?"

"ஓடைக்கு அங்கிட்டு."

"எல்லாருமா ஓடுனீங்க?"

"ஆமா. சாரும் ஓடி வந்தாரு."

"நீயும்?"

"எம் பட்டம்ல. நாந்தான் முன்னால ஓடுனேன்."

அவள் அடுப்புக்குள் விறகைத் தள்ளினாள். "நல்லது" என்றாள்.

என்னைக் குத்திக் காட்டுகிறாள் என்று நினைத்து இரண்டு நாள் அவளோடு பேசாமல் இருந்தேன்.

அய்யா வந்ததும் யாரையும் அடிக்கவில்லை. "யாரு போகச் சொன்னா?" என்று மட்டும் கேட்டார். சித்தப்பா வேட்டி நுனியைப் பார்த்தார். அவர் வாயிலிருந்து சீனாவும் வரவில்லை, மதுரையும் வரவில்லை.

"யாரும் சொல்லல. நானாத்தான் போனேன்" என்றாள் அக்கா.

பிள்ளைகள் அவரவர் வீட்டில் சொன்னார்கள். முதல் நாள், சடங்கு சுற்றிய பெண் பரணில் நின்றாள் என்று இருந்தது. மறுநாள் தலையை விரித்துப்போட்டு நின்றாள் என்று ஆயிற்று. மூன்றாம் நாள் அம்மா குடத்தோடு கிணற்றடியில் நிற்கும்போது, "பரண் மேல நின்னது ஒருத்திதான், கீழ நின்னது யாருன்னுதான் தெரியல" என்று ஒருத்தி வாளியைப் பார்த்துச் சொன்னாளாம். அம்மா குடத்தை நிரப்பாமல் வந்துவிட்டாள். கல்லுப்பட்டிக்கு அந்தப் பக்கம் ஒரு ஊரிலிருந்து முன்பே ஒரு சம்பந்தம் வந்திருந்தது. மாப்பிள்ளைக்கு வயது ரொம்பத் தள்ளி என்று அய்யா பதில் சொல்லாமல் வைத்திருந்தார். அந்த வாரமே சம்மதம் என்று ஆள் சொல்லி அனுப்பினார்.

அதற்குள் வாத்தியாரும் வீட்டுக்கு வந்தார். உள்ளே வராமல் வாசலிலேயே நின்றார். மீதி நாளுக்கு என்னைக் காட்டுக்கு அனுப்பிக்கொள்ளும்படியும், என் பேரை அடிக்கப்போவதில்லை என்றும் சொன்னார்.

"பேரை அடிப்பேன்னது சும்மா மெரட்டத்தான். பத்து நாள் லீவு வேணும்னு ஒரு வார்த்தை கேட்டிருந்தாக் குடுத்திருப்பேனே" என்றார்.

"கேக்கத் தோணல சார்" என்றார் அய்யா.

அவ்வளவுதான் விஷயம். ஒரு வார்த்தை. எங்கள் வீட்டில் ஐந்து பேருக்கும் வாய் இருந்தது. நான் அக்காவைச் சொல்லச் சொன்னேன், அக்கா என்னைச் சொல்லச் சொன்னாள், சித்தப்பா அதற்குப் பதிலாகப் பருந்து செய்தார்.

அறுப்பு வரை நான் பரணில் நின்றேன். பிறகு பள்ளிக்கூடம் போய் ஐந்தாம் வகுப்பை முடித்தேன். ஆவணியில் அக்காவுக்குக் கல்யாணம். புதுப் பாவாடையில் எனக்கு ஒரே குஷி. அவள் கிளம்பும்போது எனக்குத் தலை வாரிவிட்டுத்தான் போனாள். அன்றைக்கு எந்தப் பாடமும் கேட்கவில்லை. கல்யாண நாளில் ஏது பாடம் என்று நானும் நினைத்துக்கொண்டேன்.

அவள் வாழ்க்கை பெரிய கெடுதலும் இல்லை, பெரிய நல்லதும் இல்லை. மூன்று பிள்ளைகள். அவளுக்குப் பாதி வயதிலேயே வீட்டுக்காரர் போய்விட்டார். நல்லது கெட்டதுக்குப் பார்த்துக்கொள்வோம். அந்த ஆடியைப் பற்றி ஒரு நாளும் பேசியதில்லை. நூலை ஏன் அறுத்தாள் என்று எனக்குக் கேட்க வேண்டும் என்று இருக்கும். என் பேச்சு செய்த வேலை அவளுக்குத் தெரியுமே, அந்தக் கோபத்தில் அறுத்தாள் என்று நானே பதிலும் வைத்துக்கொண்டேன். அவள் போய் மூன்று வருஷம் ஆகிறது.

போன ஞாயிற்றுக்கிழமை பேத்தி, சார்ட்டோடு கொண்டுபோகச் செய்த சின்னப் பட்டத்தை மொட்டைமாடியில் விட்டுப் பார்த்தாள். தெருப் பிள்ளைகள் ஏழெட்டுப் பேர் வந்திருந்தார்கள். நான் காய்ந்த துணியை எடுக்க மேலே ஏறியிருந்தேன். ஏறியதும் தலையைச் சுற்றியது, கொடிக்கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றேன். சேலை முந்தி விலகி, கால் நடுங்கி, பிள்ளைகள் முன்னால் அப்படி நிற்க எனக்கு வெட்கமாக இருந்தது. இரண்டு பேர் என்னையே பார்த்துக்கொண்டு நின்றார்கள். அந்த நேரத்தில் நூல் அறுந்தது. ஓவென்று ஒரே சத்தம். அத்தனை பேரும் படியில் தடதடவென்று இறங்கித் தெருவில் ஓடினார்கள். மேலே ஒரு முகம்கூட இல்லை. நான் முந்தியைச் சரிசெய்துகொண்டு, துணியை மடித்து, ஒவ்வொரு படியாக இறங்கி வந்து என் கட்டிலில் உட்கார்ந்தேன். யாரும் பார்க்கவில்லை.

உட்கார்ந்த பிறகுதான், அன்றைக்கு அடுப்படியில் அக்கா கேட்ட கேள்விகள் ஒவ்வொன்றாக நினைவுக்கு வந்தன.

நல்லது என்று அவள் சொன்னது அதைத்தான். நாற்பது பேரும் ஓடைக்கு அங்கிட்டு ஓடியதால், காட்டிலிருந்து வீடு வரைக்கும் அவள் யார் கண்ணிலும் படாமல் நடந்து வந்திருக்கிறாள்.

சார்ட்டின் காலிக் கட்டத்தில் 'விளையாடுவது' என்று எழுதிக் கொண்டுபோய்க் கொடுத்துவிட்டாள் பேத்தி. இருக்கட்டும். அன்றைக்கு அந்த வெயிலில் அக்காவோடு யாராவது ஒரு ஆள் வீடு வரை நடந்திருக்கலாம். அந்த ஒரு ஆள் எல்லாருக்கும் முன்னால் ஓடிக்கொண்டிருந்தாள்.